மூன்று மணித் தகவல்

நான்கு வயதில் அவரைக் கோபுரத்தில் ஏற்றினார்கள். முப்பத்து நான்கு வயதில் இறக்கினார்கள். இடைப்பட்ட காலத்தில் மனிதர்கள் கூடியிருக்கும் ஓரிடத்தில் அவர் ஒரு முழு நாள் தங்கியதில்லை. கோபுரம் என்பது காட்டு மலையின் உச்சியில் இரும்புக் கால்களின் மேல் நின்ற ஒரு கண்ணாடி அறை. காட்டில் தீப்பிடித்தால் முதலில் பார்த்துச் சொல்வதற்காகக் கட்டப்பட்டது. அவருடைய தந்தை அதன் காவலர். தாய் பிரசவத்தில் இறந்ததாகச் சிலர் சொல்வது தவறு. பிள்ளைக்கு நான்கு வயதானபோது காய்ச்சலில் இறந்தார். பிள்ளையை வைத்துக்கொள்ள உறவில் ஒருவரும் முன்வராததால் தந்தை தோளில் தூக்கிக்கொண்டு மலையேறினார்.

மாதம் ஒருமுறை சாமான் சுமந்துகொண்டு ஒருவர் வருவார். மூட்டையை இறக்கிவிட்டுப் போய்விடுவார். மற்றபடி துணைக்கு இருந்தது ஒரு ரேடியோப் பெட்டி. அதன் மறுமுனையில், மலையடிவார அலுவலகத்தில், ஒரு குரல். வேலைக்கு விதிகள் இருந்தன. மணிக்கொரு முறை நான்கு திசையும் பார்க்க வேண்டும். பார்த்ததைச் சொல்ல வேண்டும். நினைத்ததைச் சொல்லக் கூடாது. எதுவும் இல்லாவிட்டாலும் ‘புகை இல்லை’ என்று சொல்லியாக வேண்டும். எழுதப் படிக்கவும் அந்த விதிப் புத்தகத்திலிருந்துதான் தந்தை கற்றுக்கொடுத்தார். தந்தை இறந்த காலையில், இருபத்தைந்து வயதான மகன் ரேடியோவில் சொன்ன தகவல் இது: “மணி ஆறு. அப்பா இறந்துவிட்டார். புகை இல்லை.”

அதன்பின் ஒன்பது ஆண்டுகள் தனியே இருந்தார். பிறகு கோபுர உச்சியில் ஒரு கேமராவைப் பொருத்தினார்கள். கேமரா சாப்பிடாது, சம்பளமும் கேட்காது. ஆளைக் கீழே இறங்கச் சொன்னார்கள்.

இதுவரை உள்ளவை ஐயத்துக்கு இடமில்லாத செய்திகள். இனி வருபவை முழுக்க ஐயங்கள்தாம்.

மலையடிவாரத்தில் அவரை வரவேற்க அந்த ரேடியோக்காரர் வந்து நின்றார். பதினைந்து ஆண்டுகளாகக் கேட்ட கனத்த குரலுக்கு இப்படிக் குட்டையான, வழுக்கை விழுந்த ஓர் உடம்பு இருக்கும் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. வேறு யாரோ ஆள்மாறாட்டம் செய்கிறார் என்று முடிவுகட்டினார். “சுவர்ப்பக்கம் திரும்பி நின்று பேசுங்கள்” என்றார். ரேடியோக்காரர் சிரித்துக்கொண்டே திரும்பி, “மேல இருக்கியாப்பா? கேக்குதா?” என்றார். அதற்குப் பிறகே அவர் தம் பையை எடுத்துக்கொண்டு பின்னால் நடந்தார்.

வெளுத்ததெல்லாம் பால் என்று நம்புகிற அப்பாவி ஒருவர் மலையிலிருந்து இறங்கி வருவார் என்று ஊர் நினைத்திருக்கலாம். வந்தவரோ பாலைக் காட்டினாலும் சுண்ணாம்பா என்று கேட்கிற ஆள். ஒரு மனிதர் காரணமில்லாமல் சிரித்தால் ஏன் என்று யோசித்தார். “சாப்பிட்டாச்சா?” என்று எதிர்ப்பட்டவர்களெல்லாம் கேட்டபோது, தம்முடைய சாப்பாட்டை யாரோ கணக்கெடுக்கிறார்கள் என்று எண்ணி, என்ன சாப்பிட்டார், எத்தனை மணிக்குச் சாப்பிட்டார் என்று ஒப்புவித்தார். தெருவில் நடந்தால் ஒவ்வொரு வீட்டுப் புகைபோக்கியின் முன்னும் கால் நின்றுவிடும். முப்பது ஆண்டுகள் ஒரு நூலளவு புகையைத் தேடிய கண்ணுக்கு, ஊர் முழுவதும் எரிந்துகொண்டிருப்பதாகத் தோன்றியதில் வியப்பில்லை.

ரேடியோக்காரர் தமக்கு வேண்டிய ஒருவருடைய சலவை நிலையத்தில் அவருக்கு வேலை வாங்கிக்கொடுத்தார். ஓட்டல்களின் விரிப்புகளும் வீடுகளின் துணிகளும் அங்கே வெளுக்க வந்தன. கீழே தொட்டிகளும் கொதிகலனும். நடுவில் இஸ்திரி மேசைகள் வரிசையாக. ஓரத்தில், பின்புறச் சந்துப் பக்கம் பார்த்த ஒற்றை ஜன்னலோடு, கிழிசல் தைக்கும் சிறிய அறை. மேலே துணி உலர்த்தும் மொட்டைமாடி. கொதிகலனைப் பார்த்துக்கொள்வது அவர் பொறுப்பு. அதற்கு மேலிருந்த வெதுவெதுப்பான பரணில் படுக்கை. முதல் நாளே முள் காட்டிய அழுத்தத்தை இரண்டு வகையில் சரிபார்த்துக்கொண்டார். முள்ளையும் அவர் நம்பவில்லை.

அந்த இடத்தின் முதலாளி கறாரான மனிதர். ஆனால் கெட்டவர் என்று எழுதிவிட முடியாது. மணிக்கொரு முறை இந்தப் புது ஆள் மொட்டைமாடிக்கு ஏறி, நான்கு பக்கமும் பார்த்துவிட்டு, இறங்கி வந்து தம் மேசை முன் நின்று பேசியபோது அவர் திகைத்தார்.

“மணி பத்து. இரண்டாம் தொட்டியில் தண்ணீர் வழிகிறது. இஸ்திரிக்காரர் மூட்டையின் மேல் தலை வைத்துத் தூங்குகிறார். கரி வண்டி ஒன்று சந்தில் நிற்கிறது. புகை இல்லை.”

திகைப்பு மகிழ்ச்சியாக மாற நெடுநேரம் ஆகவில்லை. காசு கொடுக்காமல் ஒரு கண் கிடைத்திருக்கிறதே!

இஸ்திரிக்காரருக்கு அரை நாள் கூலி பிடிக்கப்பட்டது. அவர் அங்கே மூத்த தொழிலாளி. வாய் நீளம், மனம் அகலம். மறுநாள் கொதிகலன் அறைக்கு வந்து இடுப்பில் கைவைத்து நின்றார்.

“சுவருக்குக் காது உண்டுன்னு கேள்விப்பட்டிருக்கேன். எங்க சுவருக்கு வாயும் முளைச்சிருக்கு! ஏம்ப்பா, நான் உனக்கு என்ன பாவம் பண்ணேன்?”

“பாவம் ஒன்றும் செய்யவில்லை. பத்து மணிக்குத் தூங்கினீர்கள்.”

“அடேயப்பா, நியூஸ் வாசிக்கிறான். பாத்ததையெல்லாம் சொன்னா மனுசன் ஒருத்தனோட ஒருத்தன் இருக்க முடியுமாய்யா? நான் உன் சட்டைல நாலு ஓட்டை பாத்தேன். ஊர்ல போய்ச் சொன்னேனா?”

“ஏன் சொல்லவில்லை?”

இஸ்திரிக்காரர் சிரித்துவிட்டார். “நீயே ஒரு புகைதான்யா” என்று சொல்லிக்கொண்டு போனார். அன்று முதல் மலையிலிருந்து வந்தவருக்குப் பெயர் ‘புகை’. மற்றவர்கள் அவரைக் கண்டால் பேச்சை நிறுத்தினார்கள். பேச்சு நின்றதை அவர் பார்த்தார். அதையும் போய்ச் சொன்னார்.

கிழிசல் தைக்கும் அறையில் இருந்தவள் முதலாளியின் மனைவிக்குத் தங்கை. வீட்டில் அவளைச் சின்னவள் என்றே அழைத்தார்கள். முப்பத்தொரு வயதிலும் அந்தப் பெயர் மாறவில்லை. திருமணமாகி இரண்டே ஆண்டில் கணவன் வேறொரு குடும்பம் தேடிப் போனதால், விவாகரத்து வாங்கிக்கொண்டு அக்காள் வீட்டுக்கு வந்தவள். வந்த மறுவாரம் ஊசியைக் கையில் கொடுத்தார்கள். சோறும் இடமும் கொடுத்தார்கள். கூலி கொடுக்கவில்லை, அவளும் கேட்கவில்லை. இப்போது அவளுக்கு ஒரு வரன் பேசிக்கொண்டிருந்தார்கள். சலவை நிலையத்துக்குச் சோப்பும் சோடாவும் தருகிறவர், மனைவியை இழந்தவர். சோப்புக்காரர் உறவாகிவிட்டால் சரக்கு மலிவாகும் என்பது முதலாளியின் கணக்கு. “ஒரே கல்லுல ரெண்டு மாங்கா” என்று அவர் மனைவியிடம் சொன்னது தையலறை வரை கேட்டது.

அந்த நாட்களில்தான் கொதிகலன் அறையின் ஜன்னல் விளிம்பில் ஒரு டம்ளர் டீ வந்து உட்காரத் தொடங்கியது. பிற்பகல் இரண்டரைக்கு வரும். வைப்பவள் சின்னவள்.

புகை முதல் நாள் அதை மோந்து பார்த்துக் கொட்டிவிட்டார். இரண்டாம் நாள் பாதியைக் குடித்து, உடம்புக்கு ஏதேனும் ஆகிறதா என்று பொறுத்திருந்து பார்த்தார். மூன்றாம் நாள் முழுவதும் குடித்தார். டீ நன்றாக இருந்தது. நன்றாக இருந்ததே அவருடைய ஐயத்தை வளர்த்தது. வேறு எவருக்கும் வைக்காத டீயை எனக்கு மட்டும் எதற்கு வைக்கிறாள்?

விடை மொட்டைமாடியிலிருந்து கிடைத்தது. மூன்று மணிக்கு அவர் பார்க்க ஏறும்போது, சின்னவள் பின் சந்தில் இறங்கி, இரு பக்கமும் திரும்பிப் பார்த்து, கோடியில் இருந்த பழைய கட்டடத்தின் மாடிப்படி ஏறி, ஒரு நீலக் கதவுக்குள் நுழைந்தாள். நான்கு மணிக்கு வெளியே வந்தாள். முதுகு வலிக்கு மருத்துவரிடம் ஒத்தடம் போட்டுக்கொள்வதாக வீட்டில் சொல்லியிருந்தாள். நீலக் கதவில் மருத்துவர் பெயர்ப்பலகை ஏதும் இல்லை.

மூன்று மணிக்கு முதலாளி ஓட்டல்களுக்குச் சரக்குக் கொண்டுபோய்விடுவார். நான்கு மணிக்குத்தான் திரும்புவார். ஆகவே மூன்று மணித் தகவல் ஒரு மணி நேரம் புகையின் வாயிலேயே காத்திருந்தது. அவருடைய வாழ்க்கையில் ஒரு செய்தி அவ்வளவு கனமாக உள்ளே தங்கியது அதுவே முதல்முறை. நான்கு மணிக்கு முதலாளி முன் நின்றபோது, தொட்டியைப் பற்றிச் சொன்னார். நனைந்த விரிப்புகளைப் பற்றிச் சொன்னார். நீலக் கதவைப் பற்றிச் சொல்லவில்லை. ஏன் என்று அவருக்கே விளங்கவில்லை. பரணுக்குப் போய்ப் படுத்துக்கொண்டு தம்மைத் தாமே ஐயத்தோடு ஆராய்ந்தார். ஒரே ஒரு காரணம் அகப்பட்டது: டீ. விலைக்குப் போய்விட்டோம் என்று கூசினார்.

மறுநாள் டீயைத் தொடவில்லை. ஆனால் மூன்று மணிக்குப் பார்த்ததையும் சொல்லவில்லை. நான்காவது நாளும் டீ ஆடை படிந்து கிடந்தபோது சின்னவள் கொதிகலன் அறை வாசலில் வந்து நின்றாள். முகம் வெளுத்திருந்தது.

“டீ ஏன் குடிக்கல?”

“எதுக்கு வைக்கிறீங்க?” நான்கு மாதத்தில் அவர் நாக்கு புத்தகத்திலிருந்து கொஞ்சம் இறங்கி வந்திருந்தது.

“டீ எதுக்கு வைப்பாங்க? குடிக்கத்தான்.”

“மத்தவங்களுக்கு வைக்கல.”

அவள் கதவைப் பிடித்துக்கொண்டாள். “சரி, மறைச்சு என்ன ஆகப்போகுது. நீங்க மேல நின்னு பாக்குறது எனக்குத் தெரியும். உங்க வாயை அடைக்கத்தான் வச்சேன். போதுமா?”

“அப்ப வேணாம்.”

“அப்ப மாமாகிட்ட சொல்லிடுவீங்க.”

“சொல்லமாட்டேன். டீயும் வேணாம்.”

இந்தப் பதில் அவளுடைய பயத்தைக் குறைக்கவில்லை, கூட்டியது. “ஆதாயம் இல்லாம யாராவது ஆத்தோட போவாங்களா? டீ வேணாம்னா வேற என்ன வேணும் உங்களுக்கு?”

புகை யோசித்தார். “அங்க என்ன பண்றீங்கன்னு தெரிஞ்சா நல்லா இருக்கும்.”

அவள் வெளியே ஒருமுறை எட்டிப் பார்த்தாள். பிறகு சொன்னாள். காதில் கிடந்ததை விற்று அந்த அறையை வாடகைக்கு எடுத்திருந்தாள். ஒரு பழைய தையல் மெஷினும் வாங்கியிருந்தாள். ஒரு பள்ளிக்குச் சீருடை தைத்துக் கொடுக்க ஒப்புக்கொண்டிருந்தாள். பள்ளி திறப்பதற்குள் கொடுத்துவிட்டால் ஆண்டுதோறும் அந்த வேலை அவளுக்கே. சொந்தக் காலில் நின்றுகொண்டு சோப்புக்காரரை வேண்டாம் என்று சொல்லலாம். அதற்கு முன்பே விஷயம் வெளியே வந்தால் மெஷினும் போகும், அறையும் போகும், அடுத்த முகூர்த்தத்தில் கழுத்தில் கயிறும் ஏறும்.

“இப்ப என் குடுமி உங்க கையில” என்றாள்.

“குடுமி இல்லையே” என்றார் புகை. அவளுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டாள். இவர் உண்மையில் இப்படித்தானா, நடிக்கிறாரா என்ற கேள்வி அந்தச் சிரிப்புக்குள்ளேயே இருந்தது.

மூன்று வாரம் கழித்து, சந்து வழியாகச் சோப்பு வண்டி ஓட்டிவந்த சோப்புக்காரரே அவள் மாடிப்படி இறங்குவதைக் கண்டார். நேராக முதலாளியிடம் போனார். “நெருப்பில்லாம புகையுமா? நான் கேட்டது குடும்பப் பொண்ணு” என்றார்.

முதலாளி வேலையை நிறுத்தி எல்லோரையும் முற்றத்துக்குக் கூப்பிட்டார். சின்னவளை அக்காள் கையைப் பிடித்து நிறுத்தியிருந்தாள். சின்னவள் ஒத்தடத்தையே திரும்பத் திரும்பச் சொன்னாள். முதலாளி புகையின் பக்கம் திரும்பினார். பொய் சொல்லத் தெரியாதவர் என்று அந்த ஒருவரைத்தான் அங்கே எல்லோரும் ஒப்புக்கொண்டிருந்தார்கள்.

“நீ சொல்லுய்யா. மூணு மணிக்கு மேல நிக்கிறவன் நீதானே. என்ன பாத்தே?”

முற்றம் முழுவதும் அவர் வாயையே பார்த்தது. ‘ஒன்றும் பார்க்கவில்லை’ என்று சொல்லியிருந்தால் அத்தோடு முடிந்திருக்கும். எந்த மனிதனுக்கும் அந்த நேரத்தில் அந்த வார்த்தை தானாக வந்திருக்கும். புகைக்கு வரவில்லை.

“பாத்தேன்” என்றார். “சொல்லமாட்டேன்.”

இஸ்திரிக்காரர் தலையில் அடித்துக்கொண்டார். “அட கடவுளே, இல்லைன்னு ஒரு வார்த்தை வராதாடா உனக்கு!”

மறுகணமே ஊர் தன் முடிவுக்கு வந்துவிட்டது. தூங்கியதைச் சொன்னவன், தொட்டி வழிந்ததைச் சொன்னவன், இதை மட்டும் சொல்ல மறுக்கிறான் என்றால், அந்த நீலக் கதவுக்கும் இவனுக்கும் தொடர்பு இருக்கிறது! சோப்புக்காரர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, “எனக்கு இந்த வம்பு வேணாம்பா” என்று கிளம்பிவிட்டார். முதலாளி புகையின் பையைப் பரணிலிருந்து வீசச் செய்தார். சின்னவளைப் பார்த்து, “இனி வாசப்படி தாண்டினா திரும்பி வராத” என்றார்.

அவள் மறுநாள் காலையில் தாண்டினாள். அக்காள் தடுக்கவில்லை, ஒரு போர்வையை மடித்துக் கையில் கொடுத்தாள்.

புகை ஒரு விடுதியில் கொதிகலன் வேலை தேடிக்கொண்டார். சின்னவள் நீலக் கதவுக்குள்ளேயே தங்கி இரவும் பகலும் தைத்தாள். ஆனால் பித்தான் வைக்கவும் தைத்ததை மடிக்கவும் ஒரு கை போதவில்லை. இஸ்திரிக்காரர் அவளைப் பார்க்கப் போனவர், நிலைமையைக் கண்டு, அவளிடம் கேட்காமலே புகையை அனுப்பிவைத்தார். கோபுரத்தில் தம் துணியைத் தாமே தைத்த ஆள், பித்தான் வைப்பார்.

அவள் கதவைப் பாதி திறந்து நின்றாள்.

“எதுக்கு வந்தீங்க? பேரைக் கெடுத்துட்டா வேற போக்கிடம் இல்லாம உங்க கால்ல விழுவேன்னு கணக்குப் போட்டீங்களா? அதுக்குத்தான் அன்னைக்கு அப்படி நின்னீங்களா?”

ஒரு மோசக்காரன் இந்த இடத்தில் சத்தியம் செய்திருப்பான். புகை உண்மையாகவே யோசித்தார். அப்படி ஒரு கணக்கு தமக்குள் இருந்திருக்குமோ?

“தெரியல” என்றார். “வெளிய பாக்கத்தான் பழகியிருக்கேன். உள்ள பாக்கத் தெரியல.”

கதவு அப்படியே பாதியில் நின்றது. உள்ளிருந்து ஒரு மூட்டைச் சட்டைகளும் ஊசிநூலும் வெளியே வந்தன. “படிக்கட்டுலயே உக்காருங்க. உள்ள வரக் கூடாது.”

அவர் உட்கார்ந்தார். ஏறி இறங்குகிறவர்கள் சிரித்தார்கள். ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். அவருக்கு அந்தப் பேச்சு காதில் விழுந்தது, உறைக்கவில்லை. அவள் ஒவ்வொரு பித்தானையும் இழுத்துப் பார்த்தே எடுத்துக்கொண்டாள். பள்ளி திறப்பதற்கு முந்தின நாள் சீருடைகள் போய்ச் சேர்ந்தன. அடுத்த ஆண்டுக்கும் சொல்லிவிட்டார்கள். அவளுக்கு அவர் தேவைப்பட்ட காரணம் அத்தோடு தீர்ந்தது. ஆனாலும் மறுநாள் மாலை விடுதி வேலை முடிந்து அவர் படிக்கட்டுக்கு வந்தார். அவளும் ஏதோ ஒரு துணியை வெளியே நீட்டினாள்.

மழைக்காலம் வந்தது. படிக்கட்டின் கூரை ஓட்டை. ஒரு மாலை அவர் தம் சட்டையைக் கழற்றிப் பள்ளித் துணி மூட்டைமேல் போர்த்திவிட்டு நனைந்துகொண்டு தைத்தார். அவள் கதவருகே தரையில் உட்கார்ந்தாள்.

“ஒண்ணு கேட்டா சொல்வீங்களா? முற்றத்துல அத்தனை பேர் நடுவுல கேட்டாங்க, சொல்லல. அதை விடுங்க. அதுக்கு முன்னால, யாருமே கேக்காதப்ப, முதல் நாளே ஏன் சொல்லல? டீக்காகவா?”

“டீக்காகன்னுதான் நானும் நெனச்சேன். டீயை நிறுத்திப் பாத்தேன். அப்பவும் சொல்லத் தோணல.” நூலை அறுத்தார். “மலையில நான் ஒண்ணைப் பாத்துச் சொன்னா, கீழ இருந்து ஆளுங்க ஓடிவந்து அணைச்சிடுவாங்க. அதுதான் வேலை. உங்களைப் பாத்தப்போ... யாரும் அணைச்சிடக் கூடாதுன்னு இருந்துச்சு.”

மழை சத்தமாகப் பெய்தது. அவள் எழுந்தாள்.

“துணி நனையுது. எடுத்துட்டு உள்ள வாங்க.”

“துணியை மட்டுமா?”

“கேள்வி கேட்டே சாகப்போறீங்க. உள்ள வந்து கதவைச் சாத்துங்க.”

திருமணப் பதிவு அலுவலகத்தில் சாட்சிக் கையெழுத்து இட்டவர்கள் இஸ்திரிக்காரரும் ரேடியோக்காரரும். அக்காள் வரவில்லை, ஒரு மாதம் கழித்து, கணவர் ஓட்டலுக்குப் போயிருந்த வேளையில் வந்து, அறையின் மூலை முடுக்கெல்லாம் பார்த்து, தங்கையைத் தனியே அழைத்து, “ஒழுங்கா வச்சிருக்காரா?” என்று கேட்டாள். “எனக்கே இன்னும் சந்தேகமாத்தான் இருக்கு. நல்லவராத்தான் தெரியுறாரு” என்றாள் சின்னவள்.

இருவருக்கும் முன்பே தொடர்பு இருந்தது என்று முதலாளி கடைசிவரை சொல்லிவந்தார். அவர் பிள்ளைகளில் சிலர் இன்றும் சொல்கிறார்கள். இல்லை. மழையில் கதவு திறந்த நாள் வரை புகை அந்த அறையின் தரையை மிதித்ததில்லை. இதை இஸ்திரிக்காரர் தம் இறுதிக் காலத்தில் உறுதிசெய்தார். புகைக்கும் சின்னவளுக்கும் ஒரு மகள். தையல் அறை பிறகு கடையாயிற்று, பள்ளிகள் மூன்றாயின. மணம் முடிந்தும் அவர் மணிக்கொரு முறை தூக்கத்திலிருந்து எழுந்து மனைவி மூச்சுவிடுகிறாளா என்று பார்ப்பார். அவளும் வெகுகாலம் தன் பெட்டிச் சாவியை இடுப்பைவிட்டு எடுத்ததில்லை. எப்போது எடுத்தாள் என்று எவருக்கும் தெரியவில்லை.

படிக்கட்டில் ஏழு மாதம். உள்ளே இருபத்தாறு ஆண்டுகள்.